கானன் தேவிக்குக் கதவடைத்தவர் யார்?

கானன் தேவி அம்மையாரைப் பற்றி எழுதப் புகுவோர் எல்லோரும் ஒரே பாதையில் நடந்து ஒரே இடத்திற் போய் நிற்கிறார்கள். வங்காளப் பேசும்படத்தின் முதற் பெரும் பாட்டு நடிகை, 1968-இல் பத்மஸ்ரீ, 1976-இல் தாதாசாகிப் பால்கே விருது, 1992-இல் மறைவு, 2011-இல் அவர் உருவம் பொறித்த தபால் தலை. இவ்வளவையும் எழுதிவிட்டு, நடுவில் எங்கோ ஓரிடத்தில், காலில் தைத்த முள்ளைப் பிடுங்கி எறிந்துவிட்டு நடப்பவரைப் போல, "அவருடைய முதல் விவாகத்தை அக்காலச் சமூகம் ஏற்கவில்லை" என்று ஒரு வரி எழுதி அப்பாற் போய்விடுகிறார்கள். அந்த ஒரு வரியோடுதான் நமக்கு வழக்கு.

"அக்காலச் சமூகம்" என்பது யார் ஐயா? அதற்கு முகம் உண்டா? அது குடியிருந்த வீடு உண்டா? களவு போன வீட்டு வாசலில் நின்று "இருட்டு வந்து எடுத்துக்கொண்டு போயிற்று" என்று சொல்லுகிற காவற்காரனை எவரேனும் நம்புவரா? காலத்தின் தலையில் பழியைப் போட்டுவிட்டால், குற்றவாளிகள் எல்லோரும் கௌரவமாகத் தத்தம் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து வெற்றிலை போடலாம்.

நம் சீர்திருத்த அன்பர்கள் இதற்கு ஒரு விடை எப்பொழுதும் கைவசம் வைத்திருக்கிறார்கள். வைதிகரே காரணம், பூணூலும் பஞ்சாங்கமுமே காரணம் என்று சொல்லிக் கை கழுவிவிடுவார்கள். வைதிகத்துக்கு வக்காலத்துப் பேச நாம் வரவில்லை. ஆனால், கானன் தேவியின் வாழ்க்கையைச் சிறிது நின்று பார்ப்பவர்க்கு, அவ்வம்மையாரைப் படியேற விடாமல் தடுத்த கை, பஞ்சாங்கம் பிடித்த கை மாத்திரமன்று என்பது விளங்கும். விதவா விவாகத்துக்கும் பெண் கல்விக்கும் கொடி பிடித்த கையும் அதுவே.

1916-ஆம் ஆண்டு ஹௌராவில் பிறந்தவர் கானன். தாம் பெற்றோர் என்று எண்ணி வளர்ந்தவர்கள் ரத்தன் சந்திர தாசும் ராஜோபாலாவும். அவர் பிறப்பைப் பற்றி ஊர் வாய் ஓயாது பேசியது. அதைத் தம் சுயசரிதத்தில் அவர் மறைக்கவுமில்லை. தந்தை இறந்த பின் தாயும் மகளும் உறவினர் வீட்டில் ஏவல் செய்து வயிறு வளர்க்கும் நிலைக்கு வந்தார்கள். குடும்பத்துக்கு வேண்டியவர் ஒருவர், "காகா பாபு" என்று சிறுமி அழைத்தவர், பத்து வயதுக் கானனை மதன் தியேட்டர்ஸ் கம்பெனிக்கு அழைத்துச் சென்றார். 1926-இல் "ஜெயதேவ்" என்ற மௌனப் படத்தில் சிறு வேடம் கிடைத்தது. பள்ளியிற் படிக்க வேண்டிய வயதில் அரிசிக்காகக் காமெராவின் முன் நின்ற குழந்தை அது.

1931-இல் பேசும்படம் வந்தது. அவ்வாண்டு வெளிவந்த "ஜோர் பராத்" என்னும் படத்தில், டைரக்டரின் சொற்படி, கதாநாயகன் அப்பெண்ணை எவ்வித முன்னறிவிப்புமின்றித் திடீரென முத்தமிட்டான். அப்பொழுது அவருக்கு வயது பதினைந்து. ஏனென்று கேட்கத் தந்தையில்லை, தமையனில்லை. இச்செய்தியைக் கேட்பவர்கள் டைரக்டரைச் சபையை விட்டு ஒதுக்கினார்களா? கதாநாயகனுக்குப் பெண் கொடுக்க மாட்டோம் என்றார்களா? இல்லை. கெட்ட பெயர் முழுவதும் அந்தப் பதினைந்து வயதுப் பெண்ணுக்கே வந்து சேர்ந்தது. சில ஆண்டுகளுக்குப் பின் "பாசவதத்தா" படத்திலும், அவர் மனமொப்பாத காட்சிகளில் அவரை வற்புறுத்தி நடிக்க வைத்தார்கள். காசும் அவர்களுக்கு, கௌரவமும் அவர்களுக்கு. கறை மட்டும் பெண்ணுக்கு!

பெயரிலும் ஒரு சூட்சுமம் இருந்தது. வங்காளத்து நாடக மேடையில் குலமறியாத பெண்கள் "தாசி" என்றும் "பாலா" என்றும் "சுந்தரி" என்றும் விளம்பரங்களில் அச்சாவார்கள். குடும்பப் பெண்கள் "தேவி". நம் அம்மையாரும் முதலிற் கானன்பாலா. பின்னரே கானன் தேவி ஆனார். இரண்டெழுத்துப் பட்டத்துக்கும் இன்னொரு இரண்டெழுத்துப் பட்டத்துக்கும் இடையே ஒரு மனுஷியின் மானம் தொங்கிக்கொண்டிருந்தது. பெயரின் வாலைப் பார்த்து நாற்காலி போடுவதா, பாய் போடுவதா என்று முடிவு செய்யும் வழக்கம் வங்காளத்துக்கு மட்டும் உரியதன்று என்பதை நாம் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை.

நிற்க. 1933 முதல் ராதா பிலிம்ஸ் கம்பெனியில் நடித்தார். 1935-இல் வந்த "மான்மயீ கேர்ல்ஸ் ஸ்கூல்" என்ற நகைச்சுவைப் படம் அவரை ஊரறியச் செய்தது. அதே ஆண்டு நியூ தியேட்டர்ஸில் பிரமதேஷ் பருவா "தேவதாஸ்" எடுத்தபோது பார்வதி வேடத்துக்கு இவரையே விரும்பினார். ராதா பிலிம்ஸ் ஒப்பந்தம் குறுக்கே நின்றமையால் அது கைகூடவில்லை. 1937-இல் நியூ தியேட்டர்ஸுக்கு வந்ததும் "முக்தி", "வித்யாபதி", 1938-இல் கே. எல். சைகாலுடன் "ஸ்ட்ரீட் சிங்கர்". அடுத்த ஆண்டு காஜி நஸ்ருல் இஸ்லாம் எழுதிய பாம்பாட்டிக் கதை. ராய்சந்த் போராலிடமும் பங்கஜ் மல்லிக்கிடமும் மெட்டுக் கற்றார். பீஷ்மதேவ் சட்டர்ஜியிடம் சாஸ்திர சங்கீதம் பயின்றார். பள்ளிப் படிப்பை முடிக்க வசதியற்றுப் போன பெண் இரவீந்திரநாதரின் பாடல்களைப் பொருளுணர்ந்து பாடினார். தாகூர் பாடல்கள் சாந்திநிகேதனத்துக்கும் படித்தவர் கூடங்களுக்கும் வெளியே, கடைத்தெருவுக்கும் தொழிலாளர் குடியிருப்புக்கும் போய்ச் சேர்ந்ததில் "முக்தி" படத்துக்கும் கானன் தேவியின் குரலுக்கும் பெரிய பங்குண்டு. புலவர் கூட்டம் கூட்டிச் செய்ய வேண்டிய தொண்டை ஒரு "சினிமாக்காரி" செய்து முடித்தாள்!

அந்த "முக்தி" படத்தின் கதையையும் இவ்விடத்திற் சொல்ல வேண்டும். கதாநாயகன் ஓவியன், செல்வர் வீட்டுப் பெண்ணை மணக்கிறான். நிர்வாணப் பெண்களை மாதிரியாக நிறுத்தி அவன் எழுதும் ஓவியங்கள் மாமனார் வீட்டாருக்குப் பிடிக்கவில்லை. கலையை விடமாட்டேன் என்கிறான். மனைவிக்கு விடுதலை கொடுத்துவிட்டு அஸ்ஸாம் காட்டுக்குப் போய்விடுகிறான். ஓவியனாக நடித்தவர் பருவா. மனைவியாக நடித்தவர் கானன். கலைக்காகக் குடும்பத்தைத் துறந்த அந்த ஆண்மகனைக் கண்டு கல்கத்தா உருகிற்று. ஒரு கலைஞன் தன் கலையை விடாதது குற்றமா என்று பத்திரிகைகளும் பட்டணத்துப் படித்தவர்களும் பேசி மாய்ந்தார்கள். எட்டு ஆண்டுகள் சென்ற பின், 1945-இல், அதே கேள்வியை அதே நடிகை தன் சொந்த வாழ்க்கையிற் கேட்க நேர்ந்தது. அப்பொழுது உருகுவாரைக் காணோம்.

பருவாவின் பெயர் வந்துவிட்டபடியால் ஒன்று சொல்லிவிடுகிறோம். அவர் கௌரிப்பூர் ஜமீன் வாரிசு. அவருடைய திறமையை நாம் குறைத்துப் பேசவில்லை. இந்தியப் படக்கலைக்கு அவர் செய்தது பெரிது. அவர் ஒன்றுக்கு மேற்பட்ட மனைவியரை மணந்தார். தம் படத்தில் பார்வதியாக நடித்த ஜமுனாவையும் மணந்தார். அதனால் அவர் வீட்டு வாசலிற் புல் முளைத்துவிடவில்லை. "இளவரசர்" என்றே கடைசிவரை அழைத்தார்கள். ஒரே கம்பெனி, ஒரே படம், ஒரே வெளிச்சம்; ஆணுக்கு இளவரசுப் பட்டம், பெண்ணுக்கு முதுகுக்குப் பின் முணுமுணுப்பு.

இனி வழக்கின் கருவுக்கு வருவோம். 1940-ஆம் ஆண்டு டிசம்பரில் கானன் தேவி அசோக் மைத்ரரை மணந்தார். அசோக் மைத்ரர் கல்கத்தா சிட்டி காலேஜின் பிரின்சிபாலாயிருந்து 1938-இல் காலமான ஹேரம்ப சந்திர மைத்ரரின் புதல்வர். பிரம சமாஜத்துப் பெருந்தூண்களில் ஒருவர் அந்த ஹேரம்பர். அவரைப் பற்றி வங்காளத்தில் ஒரு கதை சொல்வார்கள். தெருவில் ஒருவன் அவரிடம் ஒரு நாடகக் கொட்டகைக்கு வழி கேட்டானாம்; தெரியாது என்று சொல்லிவிட்டாராம். சிறிது தூரம் போனதும், பொய் சொல்லிவிட்டோமே என்று மனச்சாட்சி குத்த, திரும்பி ஓடிவந்து அவனைப் பிடித்து நிறுத்தி, "வழி தெரியும்; ஆனால் சொல்லமாட்டேன்" என்றாராம். சத்தியத்துக்கு உதாரணமாக இக்கதையைச் சொல்லிச் சிரிப்பார்கள். நமக்கோ சிரிப்பு வரவில்லை. உருவ வணக்கத்தை எதிர்த்து, சாதியை எதிர்த்து, பெண்களைப் படிக்க வைத்து, கலப்பு மணத்துக்கு இடமளிக்க 1872-இல் சட்டமே வரச் செய்த ஒரு சமாஜத்தின் பெரியவருக்கு, நாடகக் கொட்டகைக்கு வழி சொல்வதும் பாவமாயிருந்தது என்பதை அக்கதை எவ்வளவு பச்சையாகக் காட்டுகிறது!

அந்த வீட்டுக்குத்தான் கானன் மருமகளாய்ப் போனார். படித்த கல்கத்தா கொதித்தது. தள்ளாத வயதில், நோயிற் கிடந்த மகாகவி தாகூர் மணமக்களுக்கு அன்பின் அடையாளமாகச் சிறு பரிசொன்று அனுப்பினார். அதற்காக அவரையும் விட்டுவைக்கவில்லை. நோபல் பரிசு பெற்றவராயினும் ஒரு நடிகையை வாழ்த்த அவருக்கு உரிமையில்லை போலும்! நியாயம் கருதி ஒன்றையும் இங்கே சொல்லியாக வேண்டும். மாமியார் குசும்குமாரி தேவியும், கணவரின் சகோதரி ராணி மஹலானபிஸும், அவர் கணவராகிய புள்ளியியல் அறிஞர் பிரசாந்த சந்திர மஹலானபிஸும் கானனிடம் அன்பாகவே இருந்தார்கள். மணம் முறிந்த பின்னும் அந்த அன்பு முறியவில்லை. தமக்கு முதன்முதலாகச் சமூக அந்தஸ்து அளித்தவர் என்று முதற்கணவரையும் அம்மையார் நன்றியோடேயே நினைவு கூர்ந்தார். ஆகவே மனிதர்கள் கொடியவர்கள் என்பது நம் வாதமன்று. அவர்கள் கைக்கொண்டிருந்த கொள்கையில்தான் கோளாறு.

அந்தக் கொள்கை யாது? விவாகமான பின் கானன் படத்தில் நடிக்கலாகாது என்பதே. இதுதான் மணத்தை அறுத்த வாள். 1941-இல் "பரிச்சய்", 1942-இல் "சேஷ் உத்தர்" ஆகிய படங்களுக்காக வங்கப் பத்திரிகையாளர் சங்கம் அவரைச் சிறந்த நடிகையென்று அடுத்தடுத்துப் பாராட்டிக்கொண்டிருந்த காலம் அது. புகழின் உச்சியில் நிற்பவளைப் பார்த்து, இறங்கி வந்து அடுக்களையில் உட்கார், உன்னை மன்னித்துவிடுகிறோம் என்றார்கள். எதற்காக மன்னிப்பு? அவர் செய்த பிழைதான் என்ன? 1945-இல் விவாகரத்துக் கோரினார். கணவனையா கலையையா என்று ஓர் ஆணை எவரும் கேட்டதில்லை. ஆணுக்கு இரண்டும் உண்டு என்பது எழுதாத சட்டம்.

இது கானன் தேவி ஒருவருக்கு மாத்திரம் நேர்ந்த விபத்தா என்றால், அன்று. எழுபது ஆண்டுப் பழைய கணக்கு. 1873-இல் கல்கத்தா பெங்கால் தியேட்டர், மைக்கேல் மதுசூதன தத்தரின் யோசனைப்படி, பெண் வேடத்துக்குப் பெண்களையே அமர்த்தியது. அந்நாளிற் குடும்பப் பெண்கள் மேடையேற மாட்டார்கள். ஆகவே தாசித் தெருவிலிருந்து நால்வரை அழைத்து வந்தார்கள். உடனே நிர்வாகக் குழுவை விட்டு வெளியேறியவர் யார் தெரியுமா? 1856-இல் விதவா விவாகச் சட்டம் வர உழைத்த ஈசுவர சந்திர வித்யாசாகரர்! விதவையின் கண்ணீரைத் துடைத்த அதே மகான், வேறு வகையில் வஞ்சிக்கப்பட்ட பெண் பக்கத்தில் வந்து நின்றதும் எழுந்து போய்விட்டார். அந்நால்வரில் கோலாப் என்பவள் 1872-ஆம் ஆண்டுச் சட்டப்படியே ஒரு நடிகரை மணந்து சுகுமாரி தத்தர் ஆனாள். சட்டம் கதவைத் திறந்தது, ஊர் சாத்திவிட்டது. கணவர் அகன்றார், அவள் மீண்டும் மேடைக்கே வந்தாள், ஒரு நாடகமும் எழுதினாள்.

வினோதினி தாசியின் கதையை அறியாத வங்காளி இல்லை. தம் நாடகக் கூட்டத்துக்கு ஒரு கொட்டகை வேண்டும் என்பதற்காக, தம்மை விரும்பிய ஒரு செல்வரின் ஆசைக்கு இணங்கித் தம்மையே விலையாகக் கொடுத்தார் அவர். கொட்டகைக்கு அவர் பெயரை வைப்பதாக வாக்களித்தார்கள். 1883-இல் பத்திரம் பதிவானபோது பெயர் "ஸ்டார் தியேட்டர்" என்றிருந்தது. தாசியின் பெயரை வைத்தால் பெரிய மனிதர் வரமாட்டார்களாம். தாசி நடித்தால் மட்டும் வருவார்களாம்! அவர் மேடையில் சைதன்யராக நின்றபோது இராமகிருஷ்ண பரமஹம்சரே வந்து கண்டு ஆசீர்வதித்தார். ஸ்டார் என்ற பெயரில் பின்னர் எழுந்து இன்றும் கல்கத்தாவில் நிற்கும் அரங்குக்கு வினோதினியின் பெயரைச் சூட்டுவதாக மேற்கு வங்க முதலமைச்சர் அறிவித்தது 2024 டிசம்பரில். கொடுத்த வாக்கை நிறைவேற்ற 141 ஆண்டுகள்!

இதற்கிடையில் இன்னொன்றும் நடந்தது. தாகூர் இயற்றிய "நடீர் பூஜா", புத்தரை வணங்கி உயிர்விடும் ஓர் அரண்மனை நடனப் பெண்ணின் கதை. அதைச் சாந்திநிகேதனத்துக் குடும்பப் பெண்கள் ஆடினார்கள். 1932-இல் நியூ தியேட்டர்ஸ் அதைப் படமாகவும் எடுத்தது. நல்லதே. ஆயினும் நம் ஐயத்தைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. உயர்குலத்துப் பெண் தாசி வேடம் பூண்டால் அது கலை, பண்பாடு, தேசிய மறுமலர்ச்சி. குலமறியாத பெண் இராதையாக வேடம் பூண்டு பாடினால் அது ஒழுக்கக்கேடு. அப்படியானால், இவர்கள் வெறுத்தது நடிப்பையா, நடித்தவளின் பிறப்பையா?

எதிர்ப்பக்கத்தார் வாதம் ஒன்றுண்டு. அதை மறைத்துப் பேசுவது நேர்மையாகாது. நாடகக் கொட்டகையும் படக் கம்பெனியும் ஏழைப் பெண்களை விழுங்கும் முதலைகளாயிருந்தன. அப்பெண்களைக் காக்கவே சீர்திருத்தக்காரர் அவ்விடங்களை வெறுத்தார்கள் என்பார்கள். முதலை இருந்தது உண்மை. "ஜோர் பராத்" விஷயத்தை நாமே மேலே எழுதினோம். ஆனால் முதலையின் வாயிலிருந்து தப்பிக் கரையேறி வருபவளைப் பார்த்து, நீ முதலை நாற்றம் அடிக்கிறாய் என்று படித்துறையிற் கதவு போடுவது காப்பதாகுமா? நம் தமிழகத்தில் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி அம்மையார் தேவதாசி முறையை வேரறுக்கப் பாடுபட்டார். 1947-இல் சட்டம் வந்தது. அதனினும் பெரிது, 1930-இல் விடுதிகள் இடந்தர மறுத்த அக்குலத்துப் பெண்கள் தம்மை நாடி வந்தபோது அவர் செய்தது. தம் வீட்டிலேயே இடங்கொடுத்தார். அதிலிருந்து ஔவை இல்லம் பிறந்தது. தாமும் அதே குலத்துத் தாயின் மகள் என்பதனால் அவருக்குத் தெரிந்திருந்தது: ஒழிக்க வேண்டியது அடிமைத்தனத்தை, அடிமையாயிருந்தவளை அன்று. வங்காளத்துப் பெரியோர்க்கு இந்த வித்தியாசம் புலப்படாமற் போயிற்று.

மலாய் நாட்டுத் தமிழராகிய நாம் இதைப் படித்து வங்காளியைப் பார்த்து நகைக்க வேண்டாம். தோட்டத்துத் திருவிழாவில் விடிய விடியக் கூத்துப் பார்த்துவிட்டு, விடிந்ததும் "கூத்தாடிப் பயல்" என்று வைவது நம்மவர் வாய்தானே? நாடகம் போடுவதே சீர்திருத்தப் பிரசாரம் என்று சங்கங்கள் வைத்து நடத்திய ஊர்களிலும், பெண் வேடத்துக்கு மீசை மழித்த ஆணைத் தேடிய காலம் இருந்தது. மேடையிற் பெண் விடுதலை முழங்கிய தலைவர், தம் மகளை அம்மேடையில் ஏற்ற மனமில்லாதிருந்தார்.

கானன் தேவி விவாகரத்தோடு முடிந்து போய்விடவில்லை. முடிந்துவிடுவார் என்று எதிர்பார்த்தவர்க்கு அதுதான் ஏமாற்றம். 1949-இல் "ஸ்ரீமதி பிக்சர்ஸ்" என்று சொந்தக் கம்பெனி தொடங்கினார். பதினைந்து வயதில் டைரக்டர் சொன்னபடியெல்லாம் நிற்க வேண்டியிருந்தவர் தாமே முதலாளியானார். சரத் சந்திரரின் கதைகளை ஒன்றன்பின் ஒன்றாய்ப் படமாக்கினார். "பாமுனேர் மேயே"யை அவர் தேர்ந்தெடுத்தது தற்செயலென்று நமக்குத் தோன்றவில்லை. குலீனப் பிராமணர் என்று நெஞ்சு நிமிர்த்திய குடும்பத்தில், அந்தத் தகப்பனே ஒரு நாவிதனுக்குப் பிறந்தவன் என்பது மணப்பந்தலில் வெளியாகும் கதை அது. பிறப்பைக் கேட்டுக் கேட்டுத் தம்மைத் துளைத்தவர்களுக்கு, டிக்கெட் வாங்கிக்கொண்டு வந்து உட்கார்ந்து பார்க்கும்படி விடை கொடுத்தார்.

அதே 1949-இல் மறுமணமும் புரிந்தார். மணந்த ஹரிதாஸ் பட்டாச்சார்யா வங்க கவர்னரின் ஏ.டி.சி.யாயிருந்த கடற்படை அதிகாரி. இம்முறை மனைவி கலையை விடவில்லை. கணவர் உத்தியோகத்தை விட்டு மனைவியின் கம்பெனியில் டைரக்டராக வந்து சேர்ந்தார். 1958-இல் வந்த "ராஜலட்சுமியும் ஸ்ரீகாந்தனும்" அவர் இயக்கியது. வானம் இடிந்து விழவில்லை. ஹூக்ளி நதி மேல்நோக்கி ஓடவுமில்லை.

1913-இல் பால்கே முதற்படம் எடுத்தபோது தாராமதி வேடத்துக்கு எந்தப் பெண்ணும் இணங்காமையால், உணவு விடுதியில் வேலை பார்த்த ஓர் ஆணுக்குச் சேலை கட்டினார். அந்தப் பால்கேயின் பெயரால் அமைந்த விருதைக் கானன் தேவி பெற்றபோது, விழாவிற் பேசியவர்களும் எழுதியவர்களும் "அக்காலச் சமூகம்" என்ற அதே திரையைத்தான் இழுத்துவிட்டார்கள். முதுமையில் வேடமும் இல்லாமல் வருவாயும் இல்லாமல் ஒதுக்கப்பட்ட நடிகைகளுக்குக் கைகொடுக்கக் கல்கத்தாவில் ஒரு சங்கம் எழுந்தது. "மகிளா சில்பி மஹால்" என்று பெயர். பணம் திரட்ட, ஆண் வேடத்தையும் தாமே புனைந்து அப்பெண்கள் நாடகம் நடத்தினார்கள். தாசி என்றும் பாலா என்றும் அச்சான பெயர்களை உடைய கிழவிகளுக்கு அரிசியும் மருந்தும் தேடிக் கொடுத்த அச்சங்கத்தைத் தலைமை தாங்கி நடத்தியது எந்தச் சமாஜமும் அன்று, கானன் தேவி.